வெள்ளை ஓவியம்தான் முதலில் வந்தது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில், உலகத்து விநோதங்களைத் தொகுத்துத் தரும் பக்கத்தில், அண்மையில் வெளிவந்த ஒரு துணுக்கைப் பற்றி எழுதுகிறேன். அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜ் 1952ஆம் ஆண்டில் ஒரு பியானோ உருப்படியை அமைத்தார் என்றும், அதை வாசிக்க வருபவர் 4 நிமிடம் 33 விநாடி நேரம் ஒரு சுரம்கூட வாசிக்காமல் அமர்ந்திருந்துவிட்டு எழுந்து வணங்கிச் செல்வார் என்றும், அதற்கும் கைதட்டல் கிடைக்கிறது என்றும் அதில் எழுதியிருந்தீர்கள். தகவலில் பிழை இல்லை. ஆனால், மிக நீளமான மீசைக்கும் மிகப் பெரிய பூசணிக்காய்க்கும் நடுவே அதை வைத்திருந்ததும், எங்கிருந்து அது பிறந்தது என்பதைப் பற்றி ஒரு வரியும் சேர்க்காமல் விட்டதும் எனக்கு வருத்தம் தந்தன. அந்த உருப்படி ஒரு வேடிக்கைக்காகச் செய்யப்பட்டதன்று. ஓர் ஓவியரின் வேலையைக் கண்ணால் பார்த்த பிறகு, அந்தப் பார்வை கொடுத்த துணிவில், ஓர் இசைக்கலைஞர் செய்தது அது. இந்த ஒரு செய்தியைச் சேர்த்துப் படித்தால் அதே துணுக்கு முற்றிலும் வேறாகத் தோன்றும் என்பதைத் தெரிவிக்கவே இக்கடிதம்.

நான் பள்ளிகளில் ஓவிய ஆசிரியராக முப்பத்தோரு ஆண்டுகள் பணியாற்றி ஓய்வுபெற்றவன். கேஜை நான் முதலில் அறிந்தது இசையமைப்பாளராக அன்று. பல ஆண்டுகளுக்கு முன் ஓவியக் கண்காட்சி ஒன்றின் விவரப் புத்தகத்தில், கற்களைத் தாளின்மேல் வைத்து அவற்றைச் சுற்றிப் பென்சிலால் கோடிழுத்த சில படங்களைக் கண்டு, இவ்வளவு அடக்கமான கோட்டை இழுத்தவர் எந்த ஊர் ஓவியரோ என்று பெயரைத் தேடினேன். அவர் சங்கீதக்காரர் என்பதும், தங்கள் துணுக்கில் வரும் மௌன உருப்படியை அமைத்தவரும் அவரே என்பதும் பின்னரே தெரிந்தன. ஆகவே அவரை எப்போதும் படத்திலிருந்து பாட்டை நோக்கித்தான் படித்து வந்திருக்கிறேன். அந்தத் திசையில் படிப்பதுதான் பொருத்தம் என்றும் நம்புகிறேன்.

முதலில் அந்த ஓவியத்தைச் சொல்லிவிடுகிறேன். வட கரோலினா மாநிலத்து மலைப்பகுதியில் பிளாக் மவுண்டன் என்றொரு சிறிய கல்லூரி இருந்தது. அங்கே 1951ஆம் ஆண்டில், 25 வயது இளைஞரான ராபர்ட் ராஷன்பர்க், சுவருக்கு அடிக்கும் சாதாரண வெள்ளைப் பெயிண்டை ரோலரால் கேன்வாஸ் மீது சீராக உருட்டிச் சில ஓவியங்களைச் செய்தார். ஒரே பலகை, இரண்டு பலகை, மூன்று, நான்கு, ஏழு என்று அடுக்கிய அவற்றில் உருவம் இல்லை, கோடு இல்லை, தூரிகையின் தடம்கூட இல்லை. அந்த வெள்ளை மங்கிப் போனால் வேறு எவரும் மறுபடி பூசிவிடலாம் என்பது அவர் நிலை. அப்படியே பின்னாளில் அவற்றைப் பிறர் கையால் பூசவும் வைத்தார். 1953இல் நியூயார்க்கின் ஸ்டேபிள் காட்சியகத்தில் அவை வைக்கப்பட்டபோது பார்த்தவர்களில் பலர் ஏளனம் செய்தனர். கேஜ் ஏளனம் செய்யவில்லை. வெள்ளைப் பலகையின்முன் ஒருவர் நின்றால் அவருடைய நிழல் அதில் விழுகிறது. சன்னல் வெளிச்சம் நகர நகர அதன் நிறம் மாறுகிறது. காற்றில் மிதக்கும் தூசி அதில் வந்து அமர்கிறது. ஒளியும் நிழலும் தூசியும் வந்திறங்கும் விமானத்தளங்கள் என்று அவற்றை அவர் பின்னர் வருணித்தார். ஒன்றும் இல்லாத ஓவியம் என்று பிறர் சொன்ன இடத்தில், அறை முழுவதும் வந்து பதியும் ஓவியத்தை அவர் கண்டார்.

மௌனத்தையே ஓர் இசை உருப்படியாக்கும் எண்ணம் கேஜுக்கு அதற்கு முன்பே உண்டு. 1948இல் ஒரு கல்லூரியில் ஆற்றிய உரையில் அதைப் பற்றிப் பேசியுமிருக்கிறார். ஆனால் செய்யவில்லை, கேலி என்று மக்கள் எடுத்துக்கொள்வார்களோ என்ற அச்சம் தடுத்தது. 1951இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில், எதிரொலியே இல்லாதவாறு கட்டப்பட்ட ஓர் அறைக்குள் சென்று அமர்ந்தபோது அங்கும் இரண்டு ஒலிகள் கேட்டன. ஒன்று உயர்ந்த சுருதியிலும் மற்றொன்று தாழ்ந்த சுருதியிலும் இருந்தன. முன்னது நரம்பு மண்டலத்தின் ஒலி என்றும் பின்னது இரத்த ஓட்டத்தின் ஒலி என்றும் அவருக்குச் சொல்லப்பட்டது. உயிரோடிருக்கும் வரை முழு மௌனம் என்று ஒன்று இல்லை என்று அறிந்துகொண்டார். அதற்குப் பின்னும் தயங்கிக்கொண்டிருந்தவருக்கு, துணிவு தந்தவை ராஷன்பர்க்கின் வெள்ளைப் பலகைகளே. ஓவியர் இதைச் செய்துவிட்ட பிறகும் நான் செய்யாமலிருந்தால் இசை பின்தங்கிப் போகும் என்ற உணர்வே தம்மைச் செலுத்தியது என்ற கருத்தை அவர் பலமுறை வெளியிட்டிருக்கிறார். ராஷன்பர்க் பற்றி 1961இல் எழுதிய கட்டுரையில், வெள்ளை ஓவியங்கள் முதலில் வந்தன, தமது மௌன உருப்படி பிறகே வந்தது என்று வெளிப்படையாகவே பதிவு செய்தார். தம்முடைய மிகப் புகழ்பெற்ற படைப்புக்கு மூலம் இன்னொருவர் என்று ஒரு கலைஞர் தாமாக முன்வந்து எழுதிவைப்பது அரிது. அதைத்தான் தங்கள் துணுக்கு விட்டுவிட்டது.

1952 ஆகஸ்டில் பிளாக் மவுண்டனின் உணவுக்கூடத்தில் கேஜ் ஒரு நிகழ்ச்சியை அமைத்தார். கூரையிலிருந்து வெள்ளை ஓவியங்கள் தொங்கின. அவற்றின் கீழே கேஜ் ஏணியில் ஏறி நின்று உரை வாசித்தார். மெர்ஸ் கன்னிங்ஹாம் ஆடினார். டேவிட் டியூடர் பியானோ வாசித்தார். ராஷன்பர்க் கையால் சுற்றும் பழைய கிராமஃபோனில் இசைத்தட்டுகளை ஓடவிட்டார். கவிஞர்கள் கவிதை படித்தார்கள். எல்லாம் ஒரே நேரத்தில், ஒன்றுக்கு ஒன்று பக்கவாத்தியமாக இராமல் நடந்தன. அதே மாதம் 29ஆம் தேதி, நியூயார்க் மாநிலத்து உட்ஸ்டாக் ஊரில், பின்புறம் காட்டை நோக்கித் திறந்திருக்கும் மேவரிக் என்னும் மர அரங்கில், டியூடர் பியானோவின் முன் அமர்ந்து மூடியை இறக்கினார். மூன்று பகுதிகள் கொண்ட உருப்படியில், ஒவ்வொரு பகுதியின் தொடக்கத்துக்கும் முடிவுக்கும் மூடியே அடையாளம். முதற்பகுதியில் வெளியே காற்று அசைந்தது, இரண்டாவதில் கூரைமேல் மழைத்துளிகள் விழுந்தன, மூன்றாவதில் மக்கள் தமக்குள் பேசத் தொடங்கினார்கள் என்று கேஜ் நினைவுகூர்ந்தார். வெள்ளைப் பலகையில் நிழல் விழுவதற்கும், மூடிய பியானோவின் நேரத்தில் மழை விழுவதற்கும் இடையே எனக்கு வேறுபாடு தெரியவில்லை. இரண்டிலும் கலைஞர் ஓர் எல்லையை மட்டும் வகுத்துக்கொடுத்து, உள்ளே வருவதை வரவிட்டு ஒதுங்கி நிற்கிறார்.

இந்த உருப்படியின் சுரக்குறிப்பைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 1953இல் கேஜ் அதை ஒரு நண்பருக்குப் பிறந்தநாள் பரிசாக மறுபடி எழுதிக்கொடுத்தபோது, மேற்கத்திய இசையில் சுரங்களை எழுதும் ஐந்து கோடுகளையும் விட்டுவிட்டார். வெள்ளைத் தாளில் மேலிருந்து கீழாகச் சில நெடுங்கோடுகள் மட்டும், 7 அங்குல அகலம் 56 விநாடியைக் குறிக்கும், இடைவெளிதான் காலம். இந்தப் பிரதி இன்று நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது. வெள்ளை ஓவியத்திலிருந்து பிறந்த இசை, மீண்டும் ஒரு வெள்ளைத் தாளாகி ஓவியங்களுக்கு நடுவே போய்ச் சேர்ந்திருக்கிறது.

இது ஒருநாள் விளைவன்று. 1912இல் லாஸ் ஏஞ்சல்ஸில் பிறந்த கேஜ், கல்லூரிப் படிப்பைப் பாதியில் விட்டு ஐரோப்பா சென்று திரும்பிய காலத்தில் ஓவியமும் தீட்டினார், இசையும் எழுதினார். ஓவியத்தைப் பார்த்தவர்களைக் காட்டிலும் இசையைக் கேட்டவர்கள் நல்ல வார்த்தை சொன்னார்கள் என்பதால் இசையைத் தேர்ந்துகொண்டதாகக் கூறுவார். பொருளாதாரப் பெருமந்தத்தில் வருமானம் இல்லாதபோது, சான்டா மோனிகா நகரத்து இல்லத்தரசிகளிடம் வீடுவீடாகச் சென்று, நவீன இசையும் நவீன ஓவியமும் பற்றிய பத்து உரைகளுக்கு இரண்டரை டாலர் என்று சீட்டு விற்றார். தமக்கே அதிகம் தெரியாத பொருளை வாரந்தோறும் படித்துப் படித்துச் சொல்லிக்கொடுத்தார். ரஷ்ய ஓவியர் யாவ்லென்ஸ்கியின் சிறிய ஓவியம் ஒன்றைத் தவணைப் பணம் கட்டி வாங்கியதும் ஏறத்தாழ அந்தக் காலத்தில்தான். அவருடைய இசை ஆசான் ஆர்னால்ட் ஷோன்பர்க்கே தூரிகை பிடித்தவர். 1911இல் மியூனிக் நகரில் நீலக் குதிரைவீரன் என்னும் ஓவியர் குழுவினர் நடத்திய கண்காட்சியில் அவருடைய படங்களும் இடம்பெற்றிருந்தன. கட்டணம் வாங்காமல் கற்றுக்கொடுத்த அவரிடம், வாழ்நாள் முழுவதையும் இசைக்கே தருவேன் என்று கேஜ் வாக்களித்திருந்தார். இந்த வாக்கு பிற்காலத்தில் அவருக்குச் சங்கடம் தந்தது; அதைப் பின்னர் சொல்கிறேன்.

வடிவங்களை அசைத்துப் படமெடுத்த ஆஸ்கர் ஃபிஷிங்கர், ஒவ்வொரு பொருளுக்குள்ளும் ஓர் ஆவி இருக்கிறது, அதை அதிரச் செய்தால் வெளிப்படும் என்று ஒருநாள் சொல்ல, அன்று முதல் கேஜ் கண்ணில் பட்ட எதையும் தட்டிப் பார்க்கத் தொடங்கினார். அவருடைய தாள இசையின் தொடக்கம் அதுதான். சியாட்டில் நகரில் ஓவியர் மார்க் டோபியோடு சேர்ந்து நடந்ததோ அதைவிட ஆழமாகப் பதிந்தது. டோபி வழியில் அடிக்கடி நின்று, பிறர் மிதித்துச் செல்லும் தரையையும் சுவரின் கறையையும் காட்டிக்கொண்டே வருவாராம். பின்னர் நியூயார்க்கில் டோபியின் கண்காட்சியில், வெள்ளைக் கோடுகள் மட்டும் பின்னிக் கிடந்த ஓர் ஓவியத்தைக் கண்டு மனம் நிறைந்து வெளியே வந்த கேஜ், மேடிசன் அவென்யூவில் பேருந்துக்காகக் காத்து நின்றபோது தற்செயலாகக் கீழே பார்த்தார். நடைபாதைத் தரையும் அந்த ஓவியம் தந்த அதே அனுபவத்தைத் தந்தது. தெருவின் இரைச்சலை இசையாகக் கேட்பதற்கு முன், தெருவின் தரையை ஓவியமாகப் பார்க்க ஒருவர் அவருக்குக் கற்றுத்தந்திருக்கிறார். ஓவிய வகுப்பில் ஆண்டுக்கணக்காகப் பிள்ளைகளை வெளியே அழைத்துச் சென்று மரப்பட்டையைப் பார்க்கச் சொல்லி வந்த எனக்கு, இந்தச் செய்தியைப் படித்தபோது உண்டான மகிழ்ச்சியைச் சொல்லி முடியாது.

நம்மோடு தொடர்புடைய ஒன்றும் இதில் இருக்கிறது. தமிழ் நாளிதழ் ஒன்றில் இது விடுபட்டுப் போவது கூடாது. 1940களின் நடுவில் கேஜ் மனக்கலக்கத்தில் இருந்தார். தாம் துயரத்தோடு எழுதியதைக் கேட்டு மக்கள் சிரித்ததைக் கண்டு, இசை எதற்காக என்ற கேள்வி அவரை வாட்டியது. அப்போது அகமதாபாத்திலிருந்து நியூயார்க் வந்திருந்த கீதா சாராபாய் அவரிடம் மேற்கத்திய இசை கற்று, பதிலுக்கு இந்திய இசையை அவருக்குச் சொல்லிக்கொடுத்தார். மனத்தை அடக்கி அமைதியாக்கி, தெய்வீகத்தின் வரவுக்கு இடமாக்குவதே இசையின் பயன் என்று தம் குருவிடம் கேட்டதை அவர் சொன்னார். அதே ஆண்டுகளில் கேஜ் ஊன்றிப் படித்தவர் ஆனந்த குமாரசுவாமி. கொழும்பில் 1877இல் பிறந்து, பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் 1917 முதல் முப்பது ஆண்டுகள் பணியாற்றிய அந்த அறிஞர், அரிச்சந்திர நாடகத்தை ஆங்கிலத்தில் தந்த சேர் முத்துக்குமாரசுவாமியின் மகன். இயற்கை தரும் உருவத்தைப் படியெடுப்பதன்று கலை, இயற்கை செயல்படும் முறையைப் பின்பற்றுவதே கலை என்று அவர் எடுத்துக்காட்டிய கருத்தைக் கேஜ் கடைசிவரை தம் வழிகாட்டியாகக் கொண்டிருந்தார். 1946 முதல் 1948 வரை, பியானோவின் கம்பிகளுக்கிடையே திருகாணியும் ரப்பரும் செருகி அவர் அமைத்த இருபது உருப்படிகளுக்குப் பொருள், நம் நாட்டியக்காரர்கள் நாள்தோறும் பயிலும் ஒன்பது ரசங்களே. வீரம், சிருங்காரம், ஹாஸ்யம், அற்புதம் ஒருபுறமும், சோகம், பயம், ரௌத்திரம், அருவருப்பு மறுபுறமும் நிற்க, யாவும் நடுவிலிருக்கும் சாந்தத்தை நோக்கிச் செல்கின்றன என்று அவர் புரிந்துகொண்டிருந்தார். மௌன உருப்படியை இந்தச் சாந்தத்தின் தொடர்ச்சியாகவே நான் கேட்கிறேன். ஒரு கையில் தமிழ்த் தந்தைக்குப் பிறந்தவரின் சொல்லும், மறு கையில் டெக்சஸ் மாநிலத்து இளைஞரின் வெள்ளைப் பலகையும் இருக்க, அவர் அதை அமைத்தார்.

ராஷன்பர்க்கோடு அவருக்கு இருந்த தோழமை இத்தோடு நிற்கவில்லை. 1953இல் நியூயார்க் தெருவில் இருபது தாள்களை நீளமாக ஒட்டி விரித்து, ராஷன்பர்க் சக்கரத்துக்கு முன்னால் கறுப்புப் பெயிண்டை ஊற்ற, கேஜ் தம் பழைய ஃபோர்டு காரை அதன்மேல் நேராக ஓட்டிச் சென்றார். ஏறக்குறைய ஏழு மீட்டர் நீளமுள்ள அந்த டயர் தடம் இப்போது சான்ஃபிரான்சிஸ்கோ நவீனக் கலை அருங்காட்சியகத்தில் சுருள்போல் பாதுகாக்கப்படுகிறது. அதை ஓவியம் என்று சொல்வதைவிட, தொடக்கமும் ஓட்டமும் முடிவும் கொண்ட ஒரு நேரக்கோடு என்று சொல்லலாம். அதே காலத்தில் கேஜ் எழுதிய பியானோ உருப்படிகளில், தாளில் இயற்கையாக உள்ள புள்ளி, பழுது, நாரின் தடம் ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு, அந்த இடங்களிலேயே சுரங்களை வைத்தார். ஒரு தாளைத் துணியாகவும் தோலாகவும் உற்றுப் பார்ப்பது ஓவியனின் பழக்கம்; அதை அவர் இசை எழுதும் முறையாகவே ஆக்கிக்கொண்டார்.

1958 மே 15 அன்று நியூயார்க் டவுன் ஹாலில் அவருடைய இருபத்தைந்து ஆண்டு இசைப்பணியைத் திரும்பிப் பார்க்கும் கச்சேரி நடந்தது. இதை நடத்திக்கொடுத்தவர்கள் சபாவினரோ இசைப் புரவலரோ அல்லர். ராஷன்பர்க்கும், அவருடைய தோழரான ஓவியர் ஜாஸ்பர் ஜான்ஸும், பின்னாளில் திரைப்பட இயக்குநரான எமில் டி அன்டோனியோவும் சேர்ந்து நடத்தினார்கள். ஓவியர்கள் இருவரும் கடைகளின் கண்ணாடி மாடங்களை அலங்கரித்து வயிறு வளர்த்த காலம் அது. அந்த நாட்களிலேயே ஸ்டேபிள் காட்சியகத்தில் கேஜின் சுரக்குறிப்புத் தாள்கள் ஓவியங்களைப் போல் சுவரில் வைக்கப்பட்டன. பியானோவுக்கும் இசைக்குழுவுக்குமாக அவர் எழுதி, அவ்வாண்டு முதன்முதலாக வாசிக்கப்பட்ட உருப்படியின் பியானோ பகுதியில் மட்டும் 63 பக்கங்களில் 84 விதமான குறியீட்டு முறைகள் உண்டு. இசையே தெரியாதவர்கூட அவற்றை நின்று பார்க்கலாம். 1963இல் கேஜும் ஜான்ஸும் சேர்ந்து ஓர் அறநிதியைத் தொடங்கி, ஓவியர்கள் தாமாகத் தந்த படைப்புகளை விற்று, அந்தப் பணத்தை நடனத்துக்கும் இசைக்கும் கொடுக்கலானார்கள். அது இன்றும் இயங்கிவருகிறது. ஓவியர்கள் இசைக்காகப் பணம் திரட்டினார்கள் என்பதை நான் படித்த எந்த இசை வரலாறும் போதிய அளவு சொல்லவில்லை.

கேஜ் நியூயார்க்கில் நடத்திய வகுப்பில் ஆலன் கேப்ரோ, ஜார்ஜ் பிரெக்ட் முதலியோர் பயின்று, கண்காட்சிக் கூடங்களையே நிகழ்த்துகளங்களாக மாற்றினார்கள் என்பதும், ஜெர்மனியில் கேஜைக் கேட்டு மனம் மாறிய கொரிய இசைக்கலைஞர் நாம் ஜூன் பைக் பின்னர் காணொளிக் கலையின் முன்னோடியானார் என்பதும் பலரும் எழுதியவை. அவற்றை விரிக்கவில்லை. கேஜின் நண்பரான இசையமைப்பாளர் மார்ட்டன் ஃபெல்ட்மனும் ஓவியர்களிடம் கற்றவரே. ஹூஸ்டனில் மார்க் ராத்கோவின் 14 பெரும் ஓவியங்களைத் தாங்கி 1971இல் திறக்கப்பட்ட வழிபாட்டுக் கூடத்துக்காக அவர் அமைத்த இசையைக் கேட்டால், இருண்ட நிறம் எப்படி ஒலிக்கும் என்பது புரியும்.

ஆனால் பிரெஞ்சு ஓவியர் மார்செல் டூஷாம்பை விட்டுவிட்டுச் செல்ல முடியாது. டூஷாம்பின் அருகிலேயே இருக்க வேண்டும், கேள்வி கேட்டுத் தொந்தரவும் செய்யக்கூடாது என்று எண்ணிய கேஜ், அவரிடம் சதுரங்கம் கற்றுக்கொள்ள விரும்பினார். 1968 மார்ச் 5 அன்று கனடாவின் டொரான்டோ நகரில் இருவரும் மேடையில் அமர்ந்து ஆடினார்கள். பலகையின் 64 கட்டங்களுக்கும் அடியில் ஒளியை உணரும் மின்கருவிகள் பொருத்தப்பட்டிருந்தன. காய் ஒன்று கட்டத்தை மறைக்கும்போதும் விலகும்போதும், அரங்கில் வேறு கலைஞர்கள் எழுப்பிக்கொண்டிருந்த ஒலிகள் திறந்தும் அடைத்தும் மாறின. குதிரை ஒன்றை விட்டுக்கொடுத்து ஆடியும் டூஷாம்பே வென்றார். அதே ஆண்டு அக்டோபரில் அவர் இறந்தார். அவரைப் பற்றி எழுதும்படி ஒரு பத்திரிகை கேட்டபோது, மார்செல் பற்றி எதுவும் சொல்ல விரும்பவில்லை என்று ஜான்ஸ் கூறிய சொல்லையே தலைப்பாகக் கொண்டு, கேஜ் 1969இல் ஒரு காட்சிக்கலைப் படைப்பைச் செய்தார். ஒளி ஊடுருவும் பலகைகளில் எழுத்துகளும் சொற்களின் துண்டுகளும் சிதறிக் கிடக்க, அவற்றை ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்தினார். இறந்த நண்பனுக்காகப் பாடாமல், சொல்ல முடியாமையையே கண்ணெதிரே நிறுத்திய இந்த வேலையை நான் படமாக மட்டுமே பார்த்திருக்கிறேன். அதுவே எனக்குப் போதுமான இரங்கற்பாவாக இருந்தது.

1977இல் கலிபோர்னியாவின் கிரவுன் பாயின்ட் அச்சுப்பட்டறையை நடத்திய கேதன் பிரவுன் அவரை வந்து படம் செய்ய அழைத்தார். ஷோன்பர்க்கிடம் கொடுத்த வாக்கு நினைவுக்கு வந்தது. ஆனால் ஒருகாலத்தில் கீதாவின் சகோதரி கீரா சாராபாய் தம்மை இமயமலையில் பயணம் போக அழைத்ததையும், வேறு வேலை இருந்ததால் போகாமல்விட்டதையும், அது பின்னர் வாய்க்காமலே போனதையும் எண்ணி, இந்த அழைப்பையும் தவறவிடலாகாது என்று ஏற்றுக்கொண்டாராம். 1978 ஜனவரியில் தொடங்கி, 1992இல் இறக்கும் வரை ஆண்டுதோறும் அங்கே சென்று வேலை செய்தார். அறுபத்தைந்து வயதில் ஒருவர் புதிதாகக் கருவி பிடிக்கக் கற்றுக்கொண்டு பதினைந்து ஆண்டுகள் இடைவிடாமல் செய்ததைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்க முடியாது.

நான் முதலில் கண்ட கற்படங்கள் இங்கேதான் தொடங்கின. ஜப்பானின் கியோட்டோ நகரில் ரியோன்ஜி கோயிலின் முற்றத்தில், வாரி விடப்பட்ட வெள்ளைச் சரளைமீது 15 கற்கள் இருக்கின்றன. கேஜ் 1983இல் தம்மிடமிருந்த 15 சிறு கற்களை எடுத்துக்கொண்டு, தாளின் எந்த இடத்தில் எந்தக் கல்லை வைப்பது, எந்தப் பென்சிலைப் பிடிப்பது என்பதையெல்லாம் தம் விருப்பத்துக்கு விடாமல் திருவுளச்சீட்டுப்போல் எண்களைக் கொண்டு தீர்மானித்து, கல்லைச் சுற்றிக் கோடிழுத்தார். மிகக் கறுப்பான 6பி முதல் மிக மெல்லிய 9எச் வரை 17 வகைப் பென்சில்கள். செப்புத் தகட்டில் ஊசியால் கீறிய ஒரு படத்தில் 15இன் மும்மடியாகிய 3,375 சுற்றுக்கோடுகள் உண்டு. ஒகேனக்கல்லிலிருந்து பொறுக்கி வந்த கூழாங்கற்களை வைத்து இதை நானே செய்து பார்த்தேன். கல் தாளோடு படியும் இடம் சிறிது. வயிறு வெளியே புடைத்திருக்கும். எனவே பென்சிலின் முனை கல்லின் உண்மையான விளிம்பைத் தொடுவதே இல்லை. கை சாய்ந்தால் கோடு உள்ளே போகிறது, நிமிர்ந்தால் வெளியே வருகிறது. அழுத்தினால் கல்லே நகர்ந்துவிடுகிறது. பத்துக் கோடுகளுக்குள் என் கையின் பிடிவாதம் முழுவதும் எனக்குத் தெரிந்துவிட்டது. முப்பத்தோரு ஆண்டுகள் பிள்ளைகளுக்கு, மனத்தில் இருப்பதைக் கை செய்ய வேண்டும் என்று கற்பித்தவன் நான். கல் சொல்வதைக் கை கேட்க வேண்டும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

அதே கற்களின் விளிம்பையே கேஜ் இசைக்கும் பயன்படுத்தினார். ஓபோ, புல்லாங்குழல், டிராம்போன், டபுள் பாஸ், மனிதக் குரல் ஆகியவற்றுக்காக அவர் எழுதிய ரியோன்ஜி உருப்படியில், கல்லின் வளைவைத் தாளில் வரைந்து, அந்த வளைவு ஏறும்போது சுருதி ஏறவும் இறங்கும்போது இறங்கவும் செய்தார். அடியில் தாள வாத்தியம் சரளையைப்போல் ஒரே சீராகப் பரவிக் கிடக்கும். சுரத்திலிருந்து சுரத்துக்குத் தாவாமல் வழுக்கிச் செல்லும் அந்த ஒலி, ஜாருவும் கமகமும் கேட்டு வளர்ந்த நம் காதுக்கு அந்நியமாகவே இல்லை. படத்தைப் பார்த்துக்கொண்டே அதைக் கேட்டால் பென்சிலும் குழலும் ஒரே கல்லைத் தடவுவது தெரிகிறது.

கேஜின் எல்லா இசையையும் என்னால் ரசிக்க முடிகிறது என்று சொல்லமாட்டேன். சீனச் சகுன நூலின் எண்களைக் கொண்டு 1951இல் அவர் எழுதிய நீண்ட பியானோ உருப்படி என்னைச் சோர்வுறச் செய்கிறது. பலமுறை முயன்றும் முழுமையாகக் கேட்டதில்லை. அவர் சங்கீதக்காரரே அல்லர், கருத்துகளை விற்றவர் என்று கருதும் வித்வான்களும் உண்டு. அவர்கள் ஒருமுறை அந்தக் கற்படங்களைப் பார்க்க வேண்டும். கருத்தை மட்டும் விற்பவர் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட முறை கற்களைச் சுற்றிக் கோடிழுக்கமாட்டார்.

தங்களிடம் நான் கேட்பது பெரிதன்று. தங்கள் நாளிதழில் சங்கீதத்துக்கு ஒரு பக்கமும் ஓவியத்துக்கு ஒரு பக்கமும் தனித்தனியே இருக்கின்றன. ஒன்றை எழுதுபவர் மற்றொன்றின் பக்கம் வருவதில்லை. கேஜைப் பற்றி இந்த இரண்டு பக்கங்களில் ஏதேனும் ஒன்றில், முழுக் கட்டுரையாக, இசை தெரிந்தவர் ஒருவரும் ஓவியம் தெரிந்தவர் ஒருவரும் சேர்ந்து எழுதும்படி ஏற்பாடு செய்யுங்கள். குமாரசுவாமியின் பங்கை அதில் மறவாமல் சேர்க்கச் சொல்லுங்கள். அதற்கு முன்பாக, துணுக்கு வெளியான அதே ஞாயிறு பக்கத்தில், ராஷன்பர்க்கின் வெள்ளை ஓவியம் ஒன்றின் படத்தை, முன்னே நிற்பவரின் நிழல் விழுந்திருக்கும் படமாகத் தேர்ந்து, இந்த ஓவியத்தைப் பார்த்த பின்னரே அந்த மௌன உருப்படி அமைக்கப்பட்டது என்ற ஒரே வரியுடன் வெளியிட்டால் மிகவும் நன்றியுடையவனாவேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியர்,
திருவையாறு.